பெயரும் பதிவேடும்: குடும்பப்பெயரின் தோற்றம் பற்றிய ஒரு சமூகவியல் நோக்கு

மக்கட்பெயர்களின் பொருளை ஆராய முற்படுவோர் பெரும்பாலும் சொற்பிறப்பியலோடு நின்றுவிடுகின்றனர். இன்ன பெயர் இன்ன மொழியில் இன்ன வேரிலிருந்து பிறந்தது, அதன் பொருள் இது என்று காட்டியவுடன் ஆராய்ச்சி நிறைவெய்திவிட்டதாகக் கொள்ளப்படுகின்றது. 'பெரேரா' என்பது போர்த்துக்கேய மொழியிலே பேரிக்காய் மரத்தைக் குறிக்கும். 'சில்வா' என்பது காட்டைக் குறிக்கும். மொரட்டுவையில் வாழும் பெரேரா ஒருவர் தம் வாழ்நாளில் பேரிக்காய் மரமொன்றைக் கண்டிராதிருக்கலாம். அவ்வாறாயின் அப்பெயரின் பொருள் யாது? அது மரத்திலே இல்லை. அப்பெயர் எக்காலத்தில், எவரால், எத்தேவை கருதி, எந்த ஏட்டிலே எழுதப்பட்டது என்னும் வரலாற்றிலேயே அதன் பொருளை நாம் தேடுதல் வேண்டும். இக்கட்டுரை அவ்வழியிற் செல்ல முயல்கின்றது.

முதற்கண் ஒரு வேறுபாட்டைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். இயற்பெயர் மனித சமூகங்கள் அனைத்துக்கும் பொதுவானது. ஆனால் தந்தையிடமிருந்து மகனுக்கும், மகனிடமிருந்து பேரனுக்கும் மாறாது இறங்கிச் செல்லும் குடும்பப்பெயர் அத்தகையதன்று. சீனர் போன்ற சிலரை விலக்கிப் பார்த்தால், இன்று குடும்பப்பெயர் தாங்கி நிற்கும் மக்களுட் பெரும்பாலோரின் முன்னோர் சில நூற்றாண்டுகளுக்கு முன்னர் அதனை அறியார். நம்மவருட் பலர் இன்றும் அதனைப் பெற்றிலர். ஆகவே 'குடும்பப்பெயர் ஏன் இல்லை' என்று தமிழரை நோக்கிக் கேட்பதிலும், 'குடும்பப்பெயர் ஏன் தோன்றிற்று' என்று ஏனையோரை நோக்கிக் கேட்பதே பொருத்தமான வினாவாகும்.

ஆங்கிலக் குடும்பப்பெயர்களை ஆய்ந்தோர் அவற்றை நான்கு வகையாகப் பகுப்பர். ஹில் (குன்று) என்பது போன்று இடத்தாற் பெற்றவை. சிமித் (கொல்லன்), பேக்கர் (வெதுப்பகன்) என்பன போன்று தொழிலாற் பெற்றவை. ஜோன்சன் (ஜோனின் மகன்) என்பது போன்று தந்தையாற் பெற்றவை. ஆம்ஸ்ரோங் (வலிய கையன்) என்பது போன்று உடலின் அல்லது குணத்தின் இயல்பாற் பெற்றவை. இப்பகுப்பு நமக்குப் புதியதன்று. நிலம், குடி, குழு, வினை, உடைமை, பண்பு, முறை என்பன பற்றி மக்களுக்குப் பெயர்கள் அமையுமாற்றைத் தொல்காப்பியப் பெயரியல் வகுத்துக் காட்டுகின்றது. சங்கப் புலவர் பெயர்களை நோக்கின் இவ்வகைகள் அனைத்தும் அங்கே கிடக்கக் காண்கிறோம். மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார் என்ற பெயரில் இரண்டு ஊர்களும் ஒரு தொழிலும் அடங்கியுள்ளன. மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார் துணி விற்றவர். கணக்காயனார் மகனார் நக்கீரனார் என்பதிலே தந்தை வந்துவிடுகின்றார். நரிவெரூஉத்தலையாரின் பெயர் எவ்வகைப்பட்டது என்பதைச் சொல்ல வேண்டுவதில்லை. ஈழத்துப் பூதன்தேவனாரை அவர் நாட்டால் அறிகிறோம்.

ஆயினும் இங்கிலாந்துக்கும் சங்கத் தமிழகத்துக்கும் இடையே அடிப்படையான வேறுபாடொன்று உண்டு. கூலவாணிகன் என்பது சாத்தனாரைப் பற்றிய ஒரு செய்தி. அவர் மகன் உழவனாயின் அச்செய்தி அவனுக்குப் பொருந்தாது. அவனைச் சுட்ட வேறோர் அடைமொழி வரும். இங்கிலாந்திலோ கொல்லுலையைக் கண்டறியாத ஒருவனும் சிமித் ஆனான். செய்தியாக இருந்த அடைமொழி உறைந்து முத்திரையாயிற்று. இந்த உறைவு எவ்வாறு நேர்ந்தது என்பதே கேள்வி.

இங்கிலாந்திலே பரம்பரைப் பெயர் முதலில் வேரூன்றியது 1066ஆம் ஆண்டின் நோர்மன் வெற்றிக்குப் பின், நிலவுடைமை கொண்ட பிரபுக்களிடையே. தம் காணியின் பெயரையே குடியின் பெயராகக் கொண்டு, இக்காணி இக்குடிக்கு உரியது என்பதை ஒவ்வொரு தலைமுறையிலும் நிலைநாட்ட அது அவர்களுக்குப் பயன்பட்டது. சாதாரண குடியானவனுக்கு அத்தேவை இருக்கவில்லை. ஊரிலே அவனை அனைவரும் அறிவர். அவனை அறியாதவர் இருவரே: பண்ணை மன்றத்தின் எழுத்தரும், அரசனின் வரி அறவிடுவோரும். 1377க்கும் 1381க்கும் இடையில் மூன்று முறை தலைவரி விதிக்கப்பட்டபோது, ஒரே கிராமத்திலுள்ள பத்து ஜோன்களையும் எட்டு வில்லியம்களையும் வேறுபடுத்தி எழுதுதல் அவசியமாயிற்று. 1381இல் எழுந்த குடியானவர் கிளர்ச்சியின்போது அவர்கள் பல இடங்களிற் பண்ணை ஏடுகளைத் தேடியெடுத்து எரித்தனர். எழுத்தறிவற்றோரின் மூடச் செயலென அதனைக் கொள்ளுதல் தவறு. எழுதப்பட்ட பெயர் தம்மை எதனோடு பிணைக்கின்றது என்பதை அவர்கள் நன்கறிந்திருந்தனர். அக்கிளர்ச்சியின் தலைவனை வரலாறு வொட் டைலர் என்று நினைவிற் கொண்டுள்ளது. 'டைலர்' என்றால் ஓடு வேய்பவன். 1400 அளவில் ஆங்கிலக் குடும்பங்களிற் பெரும்பாலானவை பரம்பரைப் பெயர் பெற்றுவிட்டன எனலாம்.

அயலிலுள்ள வேல்சில் இம்முறை பின்னரே பரவியது. அங்கே ஒருவன் தன் தந்தை, பாட்டன், பூட்டன் பெயர்களை 'அப்' என்ற சொல்லால் தொடுத்துச் சொல்லுவான். 'அப்' என்பது மகன் என்று பொருள்படும். 1536இல் வேல்ஸ் இங்கிலாந்தோடு சட்டப்படி இணைக்கப்பட்டு, ஆங்கில நீதிமன்ற முறை அங்கு புகுந்ததும் இச்சங்கிலி அறுபடலாயிற்று. 'அப் றீஸ்' என்பது பிறைஸ் ஆயிற்று. 'அப் ஹவெல்' பவெல் ஆயிற்று. 'அப் ஓவன்' போவன் ஆயிற்று. பாட்டனையும் பூட்டனையும் எழுதுவதற்கு நீதிமன்ற ஏட்டிலே இடமிருக்கவில்லை.

பண்டைய உரோமரும் சீனரும் இதற்கு விதிவிலக்குகள் எனத் தோன்றலாம். ஆனால் உரோமரின் பெயர்முறை யாருக்குக் குடியுரிமை இருந்தது என்பதையே முதன்மையாகக் காட்டிற்று. குடிமகனுக்கு இயற்பெயர், குலப்பெயர், கிளைப்பெயர் என மூன்று இருந்தன. புகழ்பெற்ற சிசெரோவின் கிளைப்பெயருக்குக் கொண்டைக்கடலை என்பது பொருள். பெண்ணுக்கோ பெரும்பாலும் குலப்பெயரின் பெண்பால் வடிவமே பெயர்: ஜூலியஸ் குலத்தவள் ஜூலியா, கொர்னேலியஸ் குலத்தவள் கொர்னேலியா. இரு சகோதரிகள் இருப்பின் மூத்தவள், இளையவள் என்பர். மூன்றாமவள் 'மூன்றாமவள்' எனவே அழைக்கப்பட்டாள். அடிமை ஒருவன் விடுவிக்கப்பட்டபோது எசமானின் குலப்பெயரைச் சுமந்தான். சிசெரோவின் எழுத்தனான தீரோ என்ற அடிமை, மார்க்கஸ் துல்லியஸ் தீரோ என விடுதலை பெற்றான். விடுதலையிலும் எசமான் விட்டகலவில்லை. சீனத்திலே குடும்பப்பெயர் ஈராயிரம் ஆண்டுகளுக்கு மேலாகப் பொதுமக்களிடையேயும் வழங்கி வருகின்றது. அங்கு குடித்தொகையைப் பதிவுசெய்து வரியும் படைவேலையும் கொள்ளும் பேரரசு மிக முன்னரே அமைந்துவிட்டது என்பது மனங்கொள்ளத்தக்கது. குடும்பப்பெயரைக் குறிக்கும் சீன எழுத்து 'பெண்', 'பிறப்பு' என்ற இரு குறிகளின் சேர்க்கையாகும். தாய்வழிச் சமூகத்தின் எச்சமாகச் சிலர் இதனைக் காண்பர். ஆனால் எழுத்து நிலைத்ததேயன்றி, பெயர் தந்தை வழியே சென்றது. இன்று வாங், லீ என்ற இரு பெயர்களை மட்டும் பதினெட்டுக் கோடிக்கு மேற்பட்டோர் தாங்குகின்றனர்.

கட்டளையால் வந்த பெயர்கள்

மெல்ல மெல்ல நூற்றாண்டுகளில் நிகழ்ந்த இவ்வுறைவை அரசொன்று ஒரே கட்டளையாற் செய்து முடித்தமைக்குப் பிலிப்பைன்ஸ் சிறந்த எடுத்துக்காட்டு. ஸ்பானியத் தேசாதிபதி நார்சிசோ கிளவேரியா 1849 நவம்பர் 21இல் ஓர் ஆணை பிறப்பித்தார். தீவுவாசிகளுட் பெரும்பாலோருக்கு நிலையான குடும்பப்பெயர் இல்லை என்பதும், ஞானஸ்நானத்தின்போது புனிதர்களின் பெயர்களையே ஆயிரக்கணக்கானோர் சூடிக்கொள்கின்றனர் என்பதும் அவர் கண்ட குறைகள். உண்மையான குறை வேறு. திறை கட்டாது ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்குச் சென்றவனைப் பெயர்கொண்டு பிடிக்க இயலவில்லை. இதற்கு மருந்தாகச் சுமார் அறுபதாயிரம் பெயர்கள் கொண்ட அகரவரிசைப் பட்டியலொன்று தயாரிக்கப்பட்டது. ஸ்பானியக் குடும்பப்பெயர்களோடு செடிகொடி, ஊர், பொருள், பண்பு என்பவற்றைக் குறிக்கும் சொற்களும் உள்ளூர் மொழிச் சொற்களும் அதில் இடம்பெற்றன. பட்டியலின் பக்கங்கள் மாகாணங்களுக்கும், அங்கிருந்து ஊர்களுக்கும் பங்கிடப்பட்டன. குடும்பத் தலைவர்கள் தம் ஊருக்கு வந்த பக்கத்திலிருந்து ஒரு பெயரைப் பெற்றுக்கொள்ளல் வேண்டும். இதனால் சில பகுதிகளில் ஓர் ஊர் முழுவதற்கும் ஒரே எழுத்தில் தொடங்கும் பெயர்கள் அமைந்தன. அல்பாய் மாகாணத்தின் ஓவாஸ் என்ற ஊரிலே 'ற'கர ஒலியில் தொடங்கும் குடும்பப்பெயர்கள் மிகுந்திருத்தல் இக்காரணம் பற்றியே. நான்கு தலைமுறையாகத் தம் பெயரைக் காத்து வந்ததாகக் காட்டியோர் மட்டும் அதனை வைத்துக்கொள்ள அனுமதிக்கப்பட்டனர். பள்ளிப் பிள்ளைகளைப் புதிய பெயர் கொண்டே அழைத்துப் பழக்குதல் ஆசிரியரின் கடமையாயிற்று.

இதன் விளைவொன்று சற்று வேடிக்கையானது. ஸ்பானியப் பெயர் கொண்ட பிலிப்பினோ ஒருவர், தம் முன்னோருள் ஸ்பானியர் ஒருவர் இருந்தார் என்று நம்புதல் உண்டு. பெரும்பாலும் இருந்தது ஸ்பானியரல்லர். பட்டியலின் ஒரு பக்கமே. தம் வம்சம் என எண்ணிப் பெருமை கொள்வது ஓர் எழுதுவினைஞனின் பங்கீட்டை என்பதை அறியின் அவர் என் செய்வார்?

யப்பானிலே இதனைச் செய்தது அந்நிய ஆட்சியன்று. புதிதாகத் தோன்றிய தேசிய அரசு. தொக்குகாவா காலத்தில், குடும்பப்பெயரை வெளிப்படையாகச் சொல்லுதலும் வாள் தரித்தலும் சமுராய் வகுப்பாரின் தனியுரிமைகளாக இருந்தன. ஊர்களிலே குடியானவர் தம்முள் குடும்பப்பெயர்கள் வழங்கி வந்தபோதிலும் அரச ஏடுகளில் அவை ஏறுவதில்லை. மெய்ஜி அரசு 1870இல் பொதுமக்களுக்கும் அவ்வுரிமையை அளித்தது. உரிமையைப் பயன்படுத்த மக்கள் விரைந்து வரவில்லை. 1871இல் குடும்பப் பதிவுச் சட்டமும் 1873இல் கட்டாயப் படைச்சேவையும் வந்தன. படைக்கு ஆள் திரட்டுவதற்குப் பெயர் வேண்டியிருந்தமையின் 1875இல் உரிமை கடமையாக மாற்றப்பட்டது. தனாக்கா (வயல் நடு), யமமோத்தோ (மலையடி), இனோவே (கிணற்றுக்கு மேல்) என நிலத்தைக் குறிக்கும் பெயர்கள் அங்கு மலிந்திருத்தல் உழவர் சமூகமொன்றின் அடையாளம். வகுப்புத் தடையொன்று தகர்ந்தது என்ற வகையில் இது முற்போக்கானதே. ஆயின் 1898ஆம் ஆண்டின் குடியியற் சட்டக்கோவை குடும்பத் தலைவனின் அதிகாரத்தை அப்பெயரோடு பிணைத்தது. கணவனும் மனைவியும் ஒரே குடும்பப்பெயரை உடையவராதல் வேண்டும் என்ற விதி போருக்குப் பிந்திய சட்டத்திலும் நீடித்தது. யாருடைய பெயரென்று சட்டம் சொல்லவில்லை. நடைமுறையில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து அளவினர் கணவன் பெயரையே கொள்கின்றனர். அவ்விதி அரசியலமைப்புக்கு முரணானதன்று என்று யப்பானிய உயர் நீதிமன்றம் 2015இலும் 2021இலும் தீர்ப்பளித்தது.

துருக்கியில் 1934 ஜூன் மாதம் நிறைவேறிய சட்டம் ஒவ்வொரு குடிமகனும் குடும்பப்பெயர் கொள்ளல் வேண்டுமென விதித்தது. முஸ்தபா கெமாலுக்கு 'அத்தாதுர்க்' என்ற பெயரை நாடாளுமன்றம் வழங்கியது அதே ஆண்டு நவம்பரில். பாஷா, பே, ஆகா முதலிய பட்டங்களும் அம்மாதமே ஒழிக்கப்பட்டன. பட்டங்களை ஒழித்தமையை நாம் வரவேற்கலாம். ஆனால் அதே சட்டம் அந்நிய இனங்களையும் நாடுகளையும் குறிக்கும் பெயர்களைத் தடுத்தது. பெயரைத் தெரிவுசெய்யும் உரிமையைக் குடும்பத் தலைவன் என்ற முறையில் கணவனுக்கே அளித்தது. குர்திய மக்கள் துருக்கியப் பெயர்களைச் சூடி ஏட்டில் ஏறினர். ஒரே சட்டம் ஒரு கையால் நிலப்பிரபுத்துவத்தின் எச்சத்தைக் களைந்து மறுகையாற் சிறுபான்மையினரைக் கரைக்க முற்பட்டது. தேசிய முதலாளித்துவத்தின் இரு முகங்களையும் இதைவிடத் தெளிவாகக் காட்டும் ஆவணங்கள் சிலவே.

பெயரைப் பறித்தல்

பெயரிட வல்ல அரசு பெயரைப் பறிக்கவும் வல்லது. இரண்டாம் ஜோசப் பேரரசன் 1787இல் ஹப்ஸ்பேர்க் நாடுகளின் யூதர்கள் ஜேர்மன் குடும்பப்பெயர் கொள்ளல் வேண்டுமெனக் கட்டளையிட்டான். அதுவரை தந்தை பெயரைச் சார்த்தி வழங்கிய மக்கள் ரோசென்தால், கோல்ட்பேர்க் முதலிய பெயர்களைப் பெற்றனர். நெப்போலியன் 1808இலும் பிரஷ்ய அரசு 1812இலும் இவ்வாறே செய்தன. நாட்டு மக்களோடு அவர்கள் ஒன்றாதல் வேண்டும் என்பது சொல்லப்பட்ட காரணம். அவர்கள் ஒன்றினர், இயற்பெயர்களையும் ஜேர்மனியருடையவை போலவே இட்டுக்கொண்டனர். நூற்றைம்பது ஆண்டுகள் கழிந்தபின் அவ்வொற்றுமையே குற்றமாயிற்று. பெயரைக் கேட்டு யூதரென அறிய இயலவில்லை என்பதால், நாசி அரசு 1938 ஆகஸ்ட் 17இல் பிறப்பித்த ஆணையின்படி, தனித்த யூத இயற்பெயர் இல்லாத ஆண் ஒவ்வொருவனும் 'இஸ்ரயேல்' என்றும் பெண் ஒவ்வொருத்தியும் 'சாரா' என்றும் 1939 ஜனவரி முதல் மேலதிகப் பெயர் சூடவேண்டியதாயிற்று. அப்பெயர்கள் எழுதப்பட்ட பட்டியல்கள் பின்னர் எதற்குப் பயன்பட்டன என்பதை நாம் அறிவோம்.

யப்பானிய ஆட்சி 1940இல் கொரியர்களின் குலப்பெயர்களை அகற்றி யப்பானிய முறைக் குடும்பப்பெயர்களைப் பதிவுசெய்யுமாறு நெருக்கியது. சில மாதங்களுக்குள் ஏறத்தாழ எண்பது வீதமான குடும்பங்கள் பணிந்தன. ஆட்சி வீழ்ந்தபின் கொரியர் தம் பழம்பெயர்களை மீட்டுக்கொண்டனர். பல்கேரியாவில் 1984ஆம் ஆண்டின் இறுதியில் தொடங்கி 1985இன் தொடக்க மாதங்களுக்குள் எட்டு இலட்சம் வரையிலான துருக்கிய மக்களின் பெயர்கள் பலவந்தமாக மாற்றப்பட்டன. ஊர்கள் ஆயுதப் படையினராற் சூழப்பட்டு, மக்கள் ஒவ்வொருவராக அழைக்கப்பட்டுப் பல்கேரியப் பெயர் எழுதிய புதிய அடையாளத் தாள்கள் கொடுக்கப்பட்டன. எதிர்த்தோர் சிலர் கொல்லப்பட்டனர். 1989இல் மூன்று இலட்சத்துக்கு மேற்பட்டோர் நாட்டை விட்டுத் துருக்கிக்கு வெளியேறினர். பெயரை மீட்டுக்கொள்ளும் உரிமை 1990இல் சட்டமாயிற்று. இதனைச் செய்தது சோசலிச அரசெனத் தன்னை அழைத்துக்கொண்ட ஓர் அரசு என்பதை முற்போக்காளர் எனப்படுவோர் மறைத்துப் பேசுதல் ஆகாது.

அமெரிக்காவில் அடிமைகளின் நிலை இதனின்றும் வேறுபட்டது. அங்கே பறிப்பதற்குப் பெயரே பதியப்படவில்லை. 1850, 1860ஆம் ஆண்டுகளின் குடித்தொகைக் கணக்கிலே அடிமைகளுக்கெனத் தனிப்பட்டியல்கள் இருந்தன. உடையவனின் பெயர் எழுதப்பட்டு, அதன் கீழ் வயது, பால், நிறம் என்பன மட்டும் குறிக்கப்பட்டன. விடுதலைக்குப் பின் 1870ஆம் ஆண்டுக் கணக்கிலேதான் அம்மக்கள் அனைவரும் பெயரோடு தோன்றுகின்றனர். புக்கர் ரி. வொஷிங்டன் தம் வரலாற்றிலே கூறும் நிகழ்ச்சி இங்கு நினைக்கத்தக்கது. பள்ளியில் ஆசிரியர் இடாப்பு வாசிக்கையில் ஏனைய பிள்ளைகளுக்கு இரண்டு பெயர்கள் இருத்தலைக் கவனித்த அச்சிறுவன், தன் முறை வந்ததும் தன் முழுப்பெயர் புக்கர் வொஷிங்டன் என்று தயங்காது கூறிவிட்டான். மல்கம் லிட்டில் என்ற பெயருடன் பிறந்தவர் எதிர்வழி சென்றார். எசமான் வழங்கிய குடும்பப்பெயரைக் களைந்து, அறியப்படாத ஆபிரிக்கப் பெயருக்கு அடையாளமாகக் கணிதத்தின் 'எக்ஸ்' என்பதை ஏற்றார்.

ஈழத்தின் அனுபவம்

இனி நம் நாட்டை நோக்குவோம். கரையோரச் சிங்களவரிடையே வழங்கும் பெரேரா, சில்வா, பர்னாந்து, டயஸ், பொன்சேகா முதலியன போர்த்துக்கேயர் காலத்து ஞானஸ்நானத்தின் சின்னங்கள். பர்னாந்து என்ற பெயர் நீர்கொழும்பு, சிலாபம், மன்னார்க் கரைகளிலும், எதிர்க்கரையில் தூத்துக்குடிப் பரதவரிடையேயும் ஒருங்கே வழங்குகின்றது. பெயரைக் கொண்டு ஒருவரைச் சிங்களவர் என்றோ தமிழர் என்றோ துணிய முயல்வோர் அங்கே இடறி விழுவர். இப்பெயர்களுக்கு முன்னே, ஏட்டில் மட்டும் முழுமையாக எழுதப்படும் 'கே' பெயர் நிற்கின்றது. 'கே' என்பது வீடு. லியனகே எழுத்தரின் வீடு, விதானகே விதானையாரின் வீடு, ஹேவகே போர்வீரனின் வீடு, முதலிகே முதலியின் வீடு. அரச சேவைப் பதவியொன்று காணிக்கு உரிமை தந்த காலத்தின் முத்திரைகள் இவை. போர்த்துக்கேயர் தொடக்கி ஒல்லாந்தர் விரித்தெழுதிய தோம்புகளில் குடும்பமும் காணியும் சேர்த்துப் பதியப்பட்டபோது, தலைத் தோம்பும் காணித் தோம்பும் பெயரை இறுக்கமாகப் பிடித்துக்கொண்டன. அதே 'கே' பெயர் சாதியையும் காட்டிக்கொடுத்தது. இருபதாம் நூற்றாண்டிலே பெயர் மாற்றத்தை அறிவிக்கும் பத்திரிகை விளம்பரங்கள் பெருகியமைக்கு இது ஒரு முக்கிய காரணமாகும்.

யாழ்ப்பாணத்திலே அமெரிக்க மிஷனரிமாரின் விடுதிப் பாடசாலைகளில் வேறொரு வழக்கம் இருந்தது. பிள்ளையொன்றின் செலவுக்குப் பணம் அனுப்பிய அமெரிக்கக் கொடையாளியின் பெயர் அப்பிள்ளைக்கு இடப்பட்டது. 1823இல் நிறுவப்பட்ட வட்டுக்கோட்டைச் செமினறியின் மாணாக்கராகப் புகழ்பெற்ற கறல் விசுவநாதபிள்ளை, நெவின்ஸ் சிதம்பரப்பிள்ளை, ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளை ஆகியோரின் பெயர்களில் இந்த இரட்டைத்தன்மை தெளிவாகத் தெரிகின்றது. தமிழ்ப் பெயரை அவர்கள் விட்டுவிடவில்லை என்பது கவனிக்கத்தக்கது. கறல் விசுவநாதபிள்ளை பின்னர் சைவத்துக்கு மீண்டார். ஆயினும் கறல் என்பது அவரை விட்டு நீங்கவில்லை.

மிஷனரிமாரைக் குறைகூறுதல் எளிது. நம் சமூகமே பெயரைக் கொண்டு செய்ததை எண்ணிப்பார்த்தல் அதனினும் கடினம். கந்தப்பிள்ளை, கந்தையா, கந்தர் என்பனவும் கந்தன் என்பதும் ஒரே தெய்வத்தின் பெயர். ஆனால் 'பிள்ளை' என்பதும் 'அர்' ஈறும் உயர்ந்தோருக்கு உரியனவெனவும், 'அன்' ஈறு ஒடுக்கப்பட்டோருக்குப் போதுமெனவும் யாழ்ப்பாணத்துச் சமூகம் வகுத்து வைத்திருந்தது. தம் பிள்ளைக்கு உயர்ந்த ஈற்றுப் பெயரிடத் துணிந்தவரின் துணிவு அக்காலத்திற் சிறியதன்று. ஓர் எழுத்து இவ்வாறு ஒரு மனிதனின் சமூக இடத்தைத் தீர்மானித்தது. தமிழகத்திலே 1929 பெப்ரவரியில் செங்கற்பட்டில் நடைபெற்ற சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைத் துறக்குமாறு அறைகூவியது. ஈ. வெ. இராமசாமியார் தம் பெயரின் பின்னிருந்த நாயக்கர் என்ற பட்டத்தைக் கைவிட்டார். இன்று தமிழகத் தமிழரிடையே சாதிப் பட்டம் பெருமளவு வழக்கொழிந்திருத்தல் இயற்கையாய் நேர்ந்ததன்று; அது ஓர் இயக்கத்தின் பேறு.

மலையகத்தில் பெயர் உயிர்ப்பிரச்சினையாயிற்று. அங்கே தொழிலாளியின் பெயர் முதலிற் கங்காணியின் வாய்மொழியாய், பின்னர் தோட்டத்துரையின் செக்ரோலில் ஆங்கில எழுத்தாய் வாழ்ந்தது. கடனை எழுதித் தொழிலாளியைக் கைமாற்றிய 'துண்டு' முறை 1921இல் ஒழிக்கப்படும்வரை, ஒருவனைப் பற்றி எழுதப்பட்டவற்றுள் அவன் கடனே முதன்மை பெற்றிருந்தது. வேலைக்கும் கூலிக்கும் கடனுக்கும் பெயர் எழுதியோர், அவன் தந்தையின் பிறப்பைப் பற்றிக் கவலை கொண்டாரல்லர். ஆனால் 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் கேட்டது அதனையே. தந்தை இலங்கையிற் பிறந்தவரென்பதற்குச் சான்று வேண்டும். தாம் வெளியிற் பிறந்தவராயின் பாட்டனுக்கும் வேண்டும். 1949ஆம் ஆண்டின் இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் சட்டத்தின் கீழ் எட்டு இலட்சத்துக்கு மேற்பட்டோர் சார்பில் விண்ணப்பங்கள் செய்யப்பட்டன. ஏற்கப்பட்டோர் ஒன்றரை இலட்சத்துக்கும் குறைவு. குடும்பப்பெயர் என்ற கண்ணி இல்லாத மக்களிடம், மூன்று தலைமுறைகளைத் தாளிலே இணைத்துக் காட்டுமாறு கேட்கப்பட்டது. ஒரு சான்றில் ராமசாமி, மற்றதில் இராமன், இன்னொன்றில் எழுதுவினைஞர் தம் செவிக்கு எட்டியவாறு எழுதிய ஏதோவொன்று. மூவரும் ஒருவரே என்பதை நிறுவும் சுமை எழுதியவர்மீது விழவில்லை, எழுதப்பட்டவர்மீதே விழுந்தது. நாடற்றோர் பிரச்சினையின் அடிப்படை இன அரசியலே என்பதில் ஐயமில்லை. எனினும் அவ்வரசியல் எந்தக் கருவியாற் செயற்பட்டது என்று வினவின், பதிவேடும் அதிலுள்ள பெயருமே என்பது விடை. 2003ஆம் ஆண்டுச் சட்டத்தின் பின்னரே அப்பிரச்சினை பெருமளவு தீர்வு கண்டது.

பெண்ணின் பெயர் பற்றி ஒரு சொல். குடும்பப்பெயரில்லாத தமிழ் மரபு பெண்ணுக்குக் கூடிய சுதந்திரம் தருகின்றதெனச் சிலர் கருதுவர். இயற்பெயரே அவள் பெயராக நிற்பது உண்மை. ஆனால் திருமணத்தோடு முதலெழுத்துத் தந்தையிடமிருந்து கணவனுக்கு மாறுகின்றது. 'திருமதி' என்பதன் பின்னர் அவள் பெயர் முற்றாக மறைவதும் உண்டு. ஐஸ்லாந்து வேறு வழியைக் காட்டுகின்றது. அங்கே மகன் தந்தை பெயரோடு 'சொன்' என்பதையும் மகள் 'டோட்டிர்' என்பதையும் சேர்த்துக்கொள்வர். திருமணம் அதனை மாற்றுவதில்லை. 1980இல் அந்நாட்டின் தலைவியாகத் தெரிவுசெய்யப்பட்ட விக்டிஸ் ஃபின்பொகாடோட்டிர், ஃபின்பொகியின் மகள். புதிய குடும்பப்பெயர்களை ஏற்பதை அந்நாடு 1925இல் தடைசெய்தது. தொலைபேசி விபரக்கொத்திலும் மக்கள் இயற்பெயர் வரிசையிலேயே இடம்பெற்றனர். நவீன அரசு நடத்துவதற்குக் குடும்பப்பெயர் இன்றியமையாதது என்போருக்கு இதைவிடச் சிறந்த மறுப்பில்லை.

ஆயினும் 1983க்குப் பின்னர் ஐரோப்பாவிலும் கனடாவிலும் குடியேறிய ஈழத்தமிழர், குடிவரவுத் திணைக்களத்தின் விண்ணப்பத் தாளிலே குடும்பப்பெயருக்கான கட்டத்தை வெறுமையாக விட இயலவில்லை. சிலர் தந்தையின் பெயரை அதில் எழுதினர். சிலர் தம் பெயரையே எழுதினர். இங்கிலாந்திலே மூன்று நூற்றாண்டுகள் பிடித்த உறைவு ஒரு தலைமுறையில் நிகழ்ந்துகொண்டிருக்கின்றது; இதற்குக் கிளவேரியாவின் ஆணையும் வேண்டியிருக்கவில்லை. கியூபெக் மாகாணத்திலே 1981 முதல், திருமணத்தால் மனைவி கணவனின் பெயரைப் பெறுதலைச் சட்டம் ஏற்பதில்லை. அங்குள்ள தமிழ்ப் பெண் தன் பிறப்புப் பெயரிலேயே தொடர்கின்றாள். அயல் மாகாணமான ஒன்ராறியோவில் வாழும் அவள் தங்கை கணவன் பெயருக்கு மாறியிருக்கலாம். கட்டத்தில் தந்தை பெயரை எழுதிய தமையனின் பிள்ளைகள் இன்று பாட்டனின் பெயரைத் தாங்குகின்றனர். தன் பெயரை எழுதிய தம்பியின் பிள்ளைகள் தந்தையின் பெயரைத் தாங்குகின்றனர். ஒரே பாட்டனின் பேரப்பிள்ளைகள் ஏட்டிலே இரு குடும்பத்தினராகிவிட்டனர். இருநூறு ஆண்டுகளின் பின் இப்பெயர்களின் பொருளை அகராதியிலே தேடுவோர், முருகன் என்றோ சிவன் என்றோ குறித்துக்கொண்டு போவர்.